றிஸ்லாவின் மூன்றாவது நோர்ம்

மாத்தளை,
வெள்ளிக்கிழமை.

றிஸ்லாவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். சுகமாக இருக்கிறாயா என்று கேட்டுத்தான் கடிதத்தைத் தொடங்க வேண்டும். கேட்டுவிட்டேன். சுகமில்லை என்று எனக்கே தெரியும். இங்கே என் உம்மா சுகம், உன் வாப்பா சுகம். மழை மட்டும் விடாமல் பெய்கிறது. வெயில் இல்லாததற்கும் சோலார் பூட்டிய நான்தான் பொறுப்பு என்று ரிவர்ஸ்டன் பக்கம் இருந்து நாளுக்கு ஒருத்தர் போனில் கோல் எடுத்து ஏசுகிறார்.

நீ வாட்ஸ்அப்பை மூடி வைத்திருக்கிறாய். அழைத்தாலும் எடுப்பதில்லை. அடுத்த போட்டியை நடத்துகிறவர்கள் மின்னஞ்சலில் எழுதுவார்கள், அதை மட்டும் நீ திறப்பாய் என்று சந்திரகாந்தா சொன்னாள். உன்னோடு ஒரே அறையில் இருக்கிறவள், அவளுக்குத் தெரியும். அதனால்தான் இப்படி நீட்டி எழுதுகிறேன். வேலை முடிந்த கூரைக்கு ரிப்போர்ட் எழுதவே எனக்குக் கை வராது. மனைவிக்குக் கடிதம் எழுத வைத்துவிட்டாய்.

முதலில் உன் குரல் பதிவைப் பற்றி. செவ்வாய்க்கிழமை விமானத்தில் வருகிறேன், நோவிசாட் போட்டிக்குப் பெயர் கொடுக்க மாட்டேன், இனிமேல் செஸ்ஸே வேண்டாம் என்கிறாய். அதை ஒரு வரியில் சொல்லி முடித்திருக்கலாம். அதற்கு எதற்கு உலகத்தில் இருக்கிற கிராண்ட்மாஸ்டர்கள் எல்லாரையும் சாட்சிக்குக் கூப்பிட்டாய்? ரத்தோட்டை றோட்டில் போகும்போது அதைக் கேட்டேன். என்னோடு கூரைக்கு ஏறுகிற கிறிஸ்தோபர்தான் வேனை ஓட்டினான். பதிவு முடிந்ததும் அவன், "என்ன நானா, மேடம் வேலைய விடுறேன்னு சொல்றாங்களா, இல்ல ரேடியோவுல நியூஸ் வாசிக்கிறாங்களா?" என்று தம்பி உரிமையில் கேட்டான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

உன் சாட்சிகளை ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

நார்வேக்காரர் உலகப் பட்டத்தையே வேண்டாம் என்று வைத்துவிட்டுப் போனார், நான் ஒரு நோர்மை விட்டால் என்ன என்கிறாய். றிஸ்லா, அவர் அந்தப் பட்டத்தை ஐந்து தடவை வென்றவர். அலுத்துப்போய் விட்டார். வயிறு நிறையச் சாப்பிட்டவர் பீங்கானைத் தள்ளி வைப்பதும், சோற்றில் கை வைக்க முந்தி நீ எழும்பி ஓடுவதும் ஒன்றா? அதுவும் அவர் பட்டத்தைத்தான் விட்டார், விளையாட்டை விடவில்லை. நீதான் இரண்டையும் சேர்த்து விடுகிறாய்.

எழுபத்திரண்டில் உலகச் சாம்பியன் ஆன அமெரிக்கர் அதன் பிறகு இருபது வருடம் ஒளிந்திருந்தாரே என்கிறாய். ஒளிந்தவர் கடைசியில் எங்கே வந்து ஆடினார்? யூகோஸ்லாவியாவில். அந்த ஆட்டங்களின் பிற்பாதி நடந்தது, நீ இப்போது தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு கிடக்கிற அதே பெல்கிரேடில். ஒளிகிறதென்றால் வேறு ஊரைப் பார்.

எனக்கு அதிகம் எரிச்சல் தந்தது மூன்றாவது சாட்சி. அமெரிக்காவில் ஒரு பையன் பன்னிரண்டு வயதில் கிராண்ட்மாஸ்டர், சென்னைப் பையன் பதினெட்டில் உலகச் சாம்பியன், நான் இருபத்தாறு வயதுக் கிழவி என்கிறாய். உன்னைக் கல்யாணம் செய்யும் வரைக்கும் குதிரை எப்படித் தாவும் என்றே எனக்குத் தெரியாது. இப்போது சாப்பாட்டு நேரத்தில் உட்கார்ந்து கிராண்ட்மாஸ்டர்களின் வரலாறு தேடி வாசிக்கிறேன். ரஷ்யாவை விட்டு ஓடிப்போய் சுவிட்சர்லாந்தில் குடியேறியவர் ஒருத்தர் இருந்தார். உலகப் பட்டத்துக்கு ஆடி ஆடித் தோற்றவர். எண்பது வயதில் சுவிட்சர்லாந்துச் சாம்பியன் ஆகியிருக்கிறார். ஜோர்ஜியாவில் ஒரு பெண், ஆண்களுக்குக் கொடுக்கிற அதே கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை முதன்முதலில் வாங்கிய பெண். அப்போது அவருக்கு முப்பத்தேழு வயது. எண்பதைத் தாண்டியும் போர்டுக்கு முன்னால் உட்காருகிறார். நீ கிழவி என்றால் அவர்களுக்கு என்ன பெயர் வைக்கப் போகிறாய்?

நம்முடைய இடத்தில் இருந்து யார் போனார்கள், நமக்கு இது சரிவராது என்று கடைசியில் சொன்னாய். எண்பத்தேழு வரைக்கும் இந்தியாவில் ஒரு கிராண்ட்மாஸ்டர்கூட இல்லை. அடுத்த வருடம் மெட்ராஸில் இருந்து ஒருத்தர் வந்தார். இன்றைக்கு எண்பதுக்கு மேல் இருக்கிறார்கள். அந்த முதல் ஆளும் இப்படிக் குரல் பதிவு அனுப்பிவிட்டுச் செவ்வாய்க்கிழமை விமானம் ஏறியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசி.

உன் சாட்சிகளில் ஒன்றும் தேறவில்லை.

அடுத்தது, நடந்தது. நான் விளங்கிக்கொண்ட விதத்தில் எழுதுகிறேன், பிழை என்றால் திருத்து. மகளிர் கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்கு மூன்று பெரிய போட்டிகளில் அந்தத் தரத்தில் ஆடிக் காட்ட வேண்டும். ஒரு போட்டிக்கு ஒரு நோர்ம். உன்னிடம் இரண்டு இருக்கின்றன. ரேட்டிங் போன வருடமே வந்துவிட்டது. மூன்றாவதும் கிடைத்தால் பட்டம், சாகும் வரைக்கும் யாரும் பறிக்க முடியாது. பெல்கிரேடில் கடைசிச் சுற்றில் அந்த ஹங்கேரிக்காரியோடு உனக்குச் சமநிலை போதும்.

சமநிலை உன் கையில்தான் இருந்தது. போர்டில் அதே நிலை மூன்றாவது தடவை வரப் போகிறது, கேட்டால் தந்தே ஆக வேண்டும். கேட்கிற முறை என்ன? போடப் போகிற நகர்வைத் தாளில் எழுத வேண்டும். காயைத் தொடக் கூடாது. கடிகாரத்தை நிறுத்திவிட்டு நடுவரைக் கூப்பிட வேண்டும். நான் விதிப்புத்தகத்தை இறக்கிப் படித்தேன். இன்வேர்ட்டரோடு வருகிற கையேட்டைவிடத் தெளிவாக இருக்கிறது. நீ என்ன செய்தாய்? ராஜாவை நகர்த்தி வைத்துவிட்டு, அதன் பிறகு கையைத் தூக்கினாய். நடுவர் வந்து, காய் நகர்ந்துவிட்டது, இனிக் கேட்க முடியாது என்றாராம். ஹங்கேரிக்காரி சிப்பாயைத் தள்ளினாள், போர்டில் நிலை மாறிவிட்டது. அதற்குப் பிறகு நீ ஆடியதைப் பற்றி நான் எழுதப் போவதில்லை. இங்கே இருந்து நேரலையில் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். சமமாக இருந்த ஆட்டம், கண்ணுக்கு முன்னாலேயே சரிந்துபோனது.

இது உனக்கு ஒன்பது வயதில் இருந்து தெரிந்த விதி. கொழும்பில் இதே மாதிரி எழுதிக் காட்டி, வாயைத் திறக்காமல் சமநிலை வாங்கினவள் நீ. எங்கள் வேலையிலும் மெயின் சுவிட்சை நிறுத்தாமல் வயரில் கை வைக்கிறவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு விதி தெரியாது என்றில்லை. அந்த நேரத்தில் மண்டை வேறு எங்கோ இருக்கிறது, அவ்வளவுதான். உன் மண்டை அன்றைக்கு எங்கே இருந்தது? மற்ற எதற்கும் பதில் வேண்டாம். இதற்கு மட்டும் எழுது.

ஊர்க் கதையையும் கேட்டுக்கொள். உன் வாப்பா மிளகு வாங்க வருகிற எல்லாரிடமும் "செவ்வாய்க்கிழமை மகள் வாறா" என்று சொல்லி வைத்திருக்கிறார். தோற்றதைச் சொன்னாரோ தெரியவில்லை. நேற்று நான் அவருடைய கடைக்குப் போனபோது ஒருத்தர், "கப்ப கையில கொண்டு வாறாங்களா, பார்சல்ல வருதா?" என்று கேட்டார். கப் இல்லை, நோர்ம் என்றேன். "ஆ, நோம்புக் கப்பா?" என்றார். பக்கத்தில் நின்றவருக்கு வேறு சந்தேகம். "கிராண்ட்மாஸ்டர் ஆனா ஸ்கூல்ல அப்பாயின்ட்மென்ட் குடுப்பாங்களா தம்பி? மாஸ்டர்னு தானே வருது." உன் வாப்பா கல்லாவில் குனிந்துகொண்டு சிரித்தார். மாமனார் ஆயிற்றே என்று பேசாமல் வந்தேன்.

வேன் ஹோர்ன் அடிக்கிறது. சீகிரியாவில் ஒரு ஹோட்டலுக்குப் போக வேண்டும், கூரையில் குரங்கு வயரைக் கடித்துவிட்டதாம். மீதியை வந்து எழுதுகிறேன்.

*

சனிக்கிழமை.

மேலே எழுதியதை நேற்றே அனுப்பியிருக்க வேண்டும். அனுப்பியிருந்தால் என் பாட்டில் உன்மேல் கோபமாக இருந்திருப்பேன். இப்போது நான் கேட்ட கேள்விக்கு எனக்கே பதில் கிடைத்துவிட்டது.

காலையில் இடியப்பம் சாப்பிட்டுக்கொண்டு, அந்த ராஜாவைப் பற்றிப் புலம்பிக்கொண்டு இருந்தேன். எப்படித் தொட்டாள், என்ன யோசனையில் தொட்டாள் என்று. உன் பெயரைத்தான் சொன்னேன், உம்மாவின் பக்கம் திரும்பக்கூட இல்லை. உம்மா சம்பல் கோப்பையை டக்கென்று மேசையில் வைத்தார். "அவ தோத்ததுக்கு என்னைய ஏன் பேசுற?" என்றார்.

நான் யாரைப் பேசினேன்? எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. அப்புறம் விளங்கியது. கடைசிச் சுற்று நடந்த அன்று, நீ மண்டபத்துக்குப் போக முந்தி உம்மா உனக்குக் கோல் எடுத்திருக்கிறார். என்ன சொன்னீர்கள் என்று கேட்டேன். சுகம் விசாரித்தேன் என்றார். பிறகு என்ன சொன்னீர்கள் என்று கேட்டேன். பக்கத்து வீட்டு ஸஹ்ராவுக்கு இரண்டாவது பிள்ளை பிறந்ததைச் சொன்னேன் என்றார். பிறகு என்று கேட்டேன். ஒவ்வொன்றாக இழுத்தெடுக்க வேண்டியிருந்தது, பழைய வீட்டில் சுவருக்குள் இருந்து வயர் இழுக்கிற மாதிரி.

"காய் உருட்டினது போதும் மகள், வயசு போகுது. நான் கண்ண மூடி மவுத்தாக முந்தி ஒரு புள்ளட முகத்த பாக்கணும்னு சொன்னேன். அது பிழையா? நான் சொல்லாம வேற யாரு சொல்றது?"

அவ்வளவுதானா என்று கேட்டேன். உம்மா சம்பல் கோப்பையை மூடி வைத்தார். பிறகு, "நப்லானும் அப்படித்தான் நெனைக்கிறான், வாயத் தொறந்து சொல்ல மாட்டான்னு சொன்னேன்" என்றார்.

நான் எழும்பிவிட்டேன். கத்தினேன். எனக்குத் தெரியாமல் என் வாயால் பேச உங்களுக்கு யார் சொன்னது என்று கேட்டேன். அதுவும் அவள் கடைசிச் சுற்றுக்குச் சப்பாத்துப் போடுகிற நேரமா உங்களுக்குக் கிடைத்தது என்றும் கேட்டேன். உம்மாவும் விடவில்லை. "எனக்கெப்படி தெரியும் அது கடைசி ரவுண்டுன்னு? ஒங்க செஸ்ஸுல என்னைக்குத்தான் ரவுண்டு இல்ல?" என்றார். பிறகு அழுதார். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு, "ரெண்டு குடுத்தவங்க மூணாவத சும்மா குடுத்தா என்ன? அந்த வெள்ளக்காரிக்கும் ஒரு இரக்கம், ஒரு ரஹ்மத் இல்லையா?" என்று கேட்டார். கோபத்தில் இருக்கிற மனிதனிடம் இப்படிக் கேட்டால் நான் என்ன செய்ய?

ஆக, நார்வேக்காரரும் இல்லை, அமெரிக்கரும் இல்லை, பன்னிரண்டு வயதுப் பையனும் இல்லை. அவர்களை எல்லாம் எனக்கு முன்னால் வரிசையாக நிறுத்திவிட்டு, நீ பின்னால் நின்றாய். மாமியைக் காட்டிக்கொடுக்கக் கூடாது என்று நினைத்தாயா? இல்லை, அவர் சொன்னது உண்மையா என்று என்னிடம் கேட்கப் பயந்தாயா? ஒரு வரி கேட்டிருக்கலாமே. நான் இவ்வளவு கஷ்டப்பட்டு சுவிட்சர்லாந்துக்காரரின் வயதைத் தேடியிருக்க மாட்டேன்.

சரி, நீ கேட்காத கேள்விக்குப் பதில். நான் அப்படி நினைக்கவில்லை. இதில் வளைவு நெளிவு கிடையாது. நான் வாயைத் திறந்து சொல்லாத ஆள் இல்லை என்பது இந்த மாவட்டத்தில் சோலார் வைத்திருக்கிற எல்லாருக்கும் தெரியும். உனக்குத் தெரியாதா?

பிள்ளை வேண்டுமா என்று கேட்டால், வேண்டும். உனக்கும் வேண்டும். அது எனக்குத் தெரியும், முந்தி ஒன்று தங்காமல் போய், கண்டி ஆஸ்பத்திரியில் இருந்து திரும்பி வரும்போது வேனில் நீ ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்ததில் இருந்து தெரியும். அதற்குப் பிறகு மாதக்கணக்கில் நீ போர்டைத் தொடவில்லை. தொடு என்று நான் சொல்லவில்லை, தொடாதே என்று யாரும் சொல்லவில்லை. ஒரு காலையில் நீயாகவே அலுமாரிக்கு மேலிருந்து எடுத்துத் தூசி தட்டினாய். அன்றைக்குத்தான் வீட்டில் ஒழுங்காகச் சோறு சமைத்தது. டொக்டர் என்ன சொன்னார்? அவசரம் இல்லை, உடம்பில் குறை இல்லை, நேரம் கொடுங்கள் என்றார். செஸ்ஸை விடுங்கள் என்றாரா? எனக்குக் காது நன்றாகக் கேட்கும். அவர் அப்படிச் சொல்லவில்லை.

ஒரே பிரேக்கரில் இரண்டு பெரிய லோடைப் போட்டால் இரண்டும் சேர்ந்து விழும். அதற்குத்தான் தனித்தனி இணைப்பு கொடுக்கிறோம். நோர்ம் ஒரு கேள்வி, பிள்ளை இன்னொரு கேள்வி. ஒன்றை விட்டால் மற்றது கிடைக்கும் என்று உனக்கு யார் கணக்குப் போட்டுத் தந்தது? நீ செஸ்ஸை விட்டுவிட்டு வந்து, அடுத்த வருடமும் ஒன்றும் நடக்காவிட்டால் என்ன செய்வாய்? அப்போது யாரிடம் கோபிப்பாய்? நான் சொல்கிறேன், என்னிடம்தான். எனக்கு அந்தக் கோபம் வேண்டாம். அதைவிட நீ நோவிசாட்டில் இன்னொரு ஹங்கேரிக்காரியிடம் தோற்றுவிட்டு வந்து கத்து. அதைத் தாங்குவேன்.

கிறிஸ்தோபரிடம் பாதிக் கதையைத்தான் சொன்னேன். மீதியை அவனே ஊகித்துவிட்டான், அவனுக்கும் ஒரு மாமியார் இருக்கிறார். கூரையில் ஓடுகளைப் பிரித்துக்கொண்டே சொன்னான். "நானா, ஒங்க வீட்டம்மாவ நான் பாத்திருக்கேன். எறங்கணும்னா அவங்களே எறங்குவாங்க. கீழ நின்னு ஏணிய ஆட்டுறவங்களாலதான் விழுவாங்க. ஏணிய புடிக்கிறதுதான் நம்ம வேல." புத்தி சொல்ல வந்துவிட்டான் என்று ஒரு முறை முறைத்தேன். ஆனால் சொன்னதில் பிழை இல்லை.

ஆகவே, விஷயத்துக்கு வருகிறேன். நோவிசாட் போட்டிக்குப் பெயரை உறுதிப்படுத்தக் கடைசி நாள் நாளைக்கு என்று சந்திரகாந்தா சொன்னாள். செவ்வாய்க்கிழமை டிக்கெட் அப்படியே இருக்கிறது. கடவுச்சொல் எனக்கும் தெரியும். டிக்கெட்டை மாற்றவும் தெரியும். ஒரு நிமிட வேலை. மாற்றவில்லை. உனக்குப் பதிலாக முடிவு எடுக்க ஏற்கெனவே இந்த வீட்டில் ஒருத்தர் போதும். விளையாட அலுத்துவிட்டது என்றால் வா. ஊர் ஞாபகம் வந்து வா, உம்மாவின் சம்பலுக்காக வா, நோவிசாட்டின் குளிர் பிடிக்காமல் வா. எனக்காக மட்டும் வராதே. நான் கேட்காத ஒன்றைக் கொண்டுவந்து என் கையில் வைத்தால் அதை எங்கே வைப்பது என்று எனக்குத் தெரியாது.

உம்மா இப்போது பின்னால் வந்து நிற்கிறார். இவ்வளவு நீளமா என்னத்தைத்தான் எழுதுறாய் என்கிறார். தான் சொல்கிறதையும் எழுத வேண்டுமாம். அப்படியே எழுதுகிறேன்: "மாமி சொன்னத மனசுல வெக்க வேணாம்னு எழுது. அந்தக் குளிருக்குள்ள தலைய மூடிக்கிட்டு நடக்கச் சொல்லு. ரெண்டும் நஸீப்ல எழுதியிருந்தா ரெண்டும் வரும்." கதவு வரைக்கும் போய்த் திரும்பி, "கடைசி ரவுண்டு என்னைக்குன்னு கேட்டுச் சொல்லு. அன்னைக்கு நான் போனைத் தொட மாட்டேன்" என்றார். இது உம்மாவின் வாயில் இருந்து வந்த மன்னிப்பு. இதற்கு மேல் எதிர்பார்க்காதே, எனக்குக்கூட இவ்வளவு கிடைத்ததில்லை.

வீட்டில் ஒரு குறையும் இல்லை. நேரத்துக்குச் சாப்பிடுகிறேன். சட்டையை நானே அயன் பண்ணுகிறேன். வீடு கொஞ்சம் அமைதியாக இருக்கிறது, அவ்வளவுதான். உம்மா டீவியைச் சத்தமாக வைக்கிறார், அப்படியும் அமைதியாகத்தான் இருக்கிறது.

எந்த நாளில் வந்தாலும் கட்டுநாயக்கா விமான நிலையத்தில் நிற்பேன். செவ்வாய்க்கிழமை வந்தால் கொஞ்சம் முகத்தைத் தூக்கிக்கொண்டு நிற்பேன், கண்டி வரும் வரைக்கும்தான். அதைத் தாண்டி என்னால் கோபமாக இருக்க முடியாது என்று உனக்கே தெரியும்.

நீ அழுதுகொண்டு இருக்கிறாய், தூங்குவதே இல்லை என்றும் சந்திரகாந்தா சொன்னாள். அதை மேலே எழுதவில்லை, எழுத முடியவில்லை. அல்லாஹ் இன்றைக்கு உனக்கு நல்ல தூக்கத்தைத் தரட்டும். முதலில் தூங்கு றிஸ்லா. எழும்பின பிறகு முடிவு எடு. அது எதுவாக இருந்தாலும் எனக்கு ஒரு வரி எழுது. ஒரு வரி போதும்.

உன்,
நப்லான்.